பந்தியில் சொன்ன சொல்

ஆவுடையப்பனுக்கு முதலில் கெடுதல் செய்தவர் பிரமநாயகம். மற்றவர்கள் செய்ததெல்லாம் அதற்குப் பிறகுதான்.

பிரமநாயகம் ஆற்றங்கரை மடத்தில் காரியம் பார்ப்பவர். சாவிக்கொத்து எப்போதும் அவர் இடுப்பில் தொங்கும். அரிசி வாங்குவதும், மராமத்துக்கு ஆள் பிடிப்பதும், யாருக்கு எந்த வேலை என்று சொல்வதும் அவர்தான். ஒருநாள் மத்தியானப் பந்தியில், எல்லோரும் இலைக்கு முன்னால் உட்கார்ந்திருந்தபோது, சாம்பார் வாளியைக் கையில் வைத்துக்கொண்டு அவர் சொன்னார்.

"மருந்துச்சாலை கம்ப்யூட்டர் ஏன் ஓடலைன்னு கேக்கியளா? நம்ம ஆவுடையப்பனைத் தொழுவத்துக்கு மாத்தினோம்லா. அந்தக் கோவத்துல புரோகிராமை ஒடச்சுப் போட்டுட்டுப் போயிட்டாரு."

யாரோ சிரித்தார்கள். யாரோ "அடப்பாவமே" என்றார்கள். பந்தியின் தலைப்பில் மடத்துத் தலைவரான சாமி உட்கார்ந்திருந்தார். அவர் சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தார். ஒன்றும் சொல்லவில்லை.

ஆவுடையப்பன் பாதிச் சோற்றோடு இலையை மடித்தார். எழுந்து போனார். அன்றிலிருந்து அவர் பந்திக்கு வருவதில்லை. தொழுவத்திலேயே ஒரு சட்டியில் கஞ்சி காய்ச்சிக் குடித்தார்.

அவரை நல்ல மனிதர் என்று சொல்ல மடத்தில் ஆள் கிடைக்காது. யார், எங்கே, என்ன சொன்னார்கள் என்பது அவருக்கு மறக்கவே மறக்காது. தண்ணீர் தராதவன் பெயரும் நினைவிருக்கும், தந்துவிட்டு முகம் சுளித்தவன் பெயரும் நினைவிருக்கும். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவர். அச்சாபீசில் எழுத்துக் கோர்த்தார். அச்சாபீசுக்குக் கம்ப்யூட்டர் வந்தபோது முதலாளி வேறு ஆளைப் போட்டார். அந்த முதலாளி பெயரையும் அவர் இன்னும் விடவில்லை. அந்தக் கம்ப்யூட்டர் ஆள் வீட்டுக்குப் போன பிறகு அதன் முன்னால் உட்கார்ந்து உட்கார்ந்து கற்றுக்கொண்டதுதான் அவருடைய படிப்பு.

பெண்டாட்டி போன பிறகு மடத்துக்கு வந்தார். அங்கே வலிப்புக்காரர்களுக்கு இலவசமாக மாத்திரை கொடுக்கும் மருந்துச்சாலை இருந்தது. டவுனிலிருந்து டாக்டர் மாதம் ஒருமுறை வருவார். ஒவ்வொருவருக்கும் மாத்திரையின் அளவு வேறு. ஒருவருக்குக் கூட்டுவார், ஒருவருக்குக் குறைப்பார். அதையெல்லாம் வைத்துக்கொள்ள ஆவுடையப்பன் ஒரு புரோகிராம் எழுதினார். பெயரைத் தட்டினால் அளவு வரும். சுத்தமான புரோகிராம் என்று சொல்ல முடியாது. அங்கங்கே ஒட்டுப்போட்டது. ஆனால் ஓடியது.

அதை நிறுத்தியது பிரமநாயகத்தின் பெருக்குமாறு.

அந்த மடத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஒருவருடைய வேலையை மாற்றினால், அவர் இருந்த அறையை அடுத்து வருகிறவர் ஒழிக்க வேண்டும். ஆணியில் தொங்கும் துண்டு முதல் மாடத்தில் இருக்கும் விபூதிப் பொட்டலம் வரை எதுவும் மிஞ்சக்கூடாது. போனவர் "அதை வையுங்கள்" என்று கேட்கவும் கூடாது. அறை ஒழித்தல் என்று அதற்குப் பெயர். ஆவுடையப்பனைத் தொழுவத்துக்கு மாற்றிவிட்டு, பிரமநாயகம் மருந்துச்சாலையைத் தானே எடுத்துக்கொண்டார். அறையை ஒழித்தார். பெருக்கினார். கழுவிவிட்டார். பிறகு கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தார். அதற்குள்ளே ஆவுடையப்பன் பெயரில் ஒரு ஃபோல்டர் இருந்தது.

"இதுவும் அறைதானே" என்று அதையும் ஒழித்தார்.

மறுநாள் புரோகிராமைத் திறந்தால் இங்கிலீஷில் ஒரு வரி வந்தது. டேட்டாபேஸ் லைப்ரரியைக் காணோம் என்று அதற்கு அர்த்தம்.

டேட்டாபேஸில் நோயாளிகளின் விவரமெல்லாம் பத்திரமாகத்தான் இருந்தது. அதோடு பேசத் தெரிந்த லைப்ரரி என்ற கோப்புதான் இல்லை. அது இல்லாமல் புரோகிராம் உள்ளே போக முடியாது. டேட்டாபேஸைத் திறந்து பார்க்கும் வேறு கருவிகளும் அதே கோப்பை நம்பித்தான் இருந்தன. சரக்கறை நிறைய நெல் இருக்கிறது, உள்ளே போய் அள்ளித் தர ஆள் இல்லை என்பதுபோல ஆகிவிட்டது.

தான் ஃபோல்டரை அழித்ததைப் பிரமநாயகம் மறைக்கவில்லை. கேட்டவர்களுக்கெல்லாம் சொன்னார்.

"அவரு பழைய குப்பையை ஒழிச்சேன். அதுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்? இது அவரு வேணும்னே செஞ்சது."

அவர் அதை நம்பித்தான் சொன்னார். ஆவுடையப்பனுக்கு அதுதான் இன்னும் எரிந்தது.

சாமி தொழுவத்துக்கு வந்தார். ஆவுடையப்பனைவிட வயதில் சிறியவர். சாணி கிடந்த இடத்தைச் சுற்றிவராமல் நேராக மிதித்துக்கொண்டு வந்து, தீவனத் தொட்டியின் விளிம்பில் உட்கார்ந்தார்.

"மருந்துச்சாலை கம்ப்யூட்டர் ஓடலை."

"தெரியும் சாமி."

"உமக்குச் சரிபண்ணத் தெரியுமா?"

"தெரியும்."

"செய்வீரா?"

"மாட்டேன்."

சாமி கோபப்படவில்லை. காளைக்கன்று அவர் வேட்டியை நக்கியது. அதை விலக்கவும் இல்லை.

"ஏன்?"

"பந்தியில வச்சு என்னைச் சொன்னாரு. அதே பந்தியில, அதே வாயால, சொன்னது தப்புன்னு சொல்லட்டும். அப்புறம் வாரேன்."

"அதுக்கு முன்னால வந்தா என்ன?"

"வந்து சரிபண்ணினா என்ன சொல்லுவாங்க? பாத்தியா, அவனே ஒடச்சான், அவனே ஒட்டவச்சான்னு சொல்லுவாங்க. நான் சரிபண்ணுதேன்னா நான் ஒடச்சேன்னு ஒத்துக்கிட்ட மாதிரி. இல்லையா சாமி?"

சாமி யோசித்தார்.

"ஆமா. அப்படித்தான் சொல்லுவாங்க."

"அப்ப?"

"அப்ப, நீரு சொல்லுறது சரி."

அவர் எழுந்து வந்த வழியே போனார். திட்டுவார், அல்லது ஒரு கதை சொல்லுவார் என்று ஆவுடையப்பன் எதிர்பார்த்திருந்தார். இரண்டும் இல்லாமல் போனது அவருக்குப் பிடிக்கவில்லை. சாமி பெயரையும் உள்ளே குறித்துக்கொண்டார்.

மாத்திரை கொடுக்கும் நாள் வந்தது. விடிந்ததும் கூட்டம் வந்துவிட்டது. சாமியே மருந்துச்சாலை மேஜையில் போய் உட்கார்ந்தார். வரிசையில் வந்தவர்களிடம் ஒவ்வொருவராகக் கேட்டார்.

"உமக்கு எந்த மாத்திரை, எவ்வளவுன்னு தெரியுமா?"

தெரிந்தவர்களுக்குக் கொடுத்தார். தெரியாதவர்களிடம், "முற்றத்தில இரிங்க" என்றார். அவர்கள் முற்றத்தில் போய் உட்கார்ந்தார்கள். வெயில் ஏறியது. மேஜை வேலை முடிந்ததும் சாமியும் போய் அவர்களுக்கு நடுவில் உட்கார்ந்தார். காலைப் பலகாரத்துக்கு மணி அடித்தது. அவர் போகவில்லை.

தொழுவத்திலிருந்து முற்றம் தெரியும். ஆவுடையப்பன் பார்த்தார்.

'எனக்குத் தெரியட்டும்னுதான் அங்க உக்காந்திருக்காரு' என்று நினைத்தார். திரும்பி நின்று வைக்கோலை உதறினார். உதறிய வைக்கோலையே மறுபடியும் உதறினார்.

முற்றத்திலிருந்து ஒரு பெண் எழுந்து தொழுவத்துக்கு வந்தாள். சொர்ணத்தாய் என்று பெயர். அவள் புருஷனுக்கு வலிப்பு. பனையேறியாக இருந்தவன், ஒருமுறை மரத்தின் மேல் இருக்கும்போது வலிப்பு வந்து விழுந்ததில் இடுப்பு போனது. அவனுக்காக மாதாமாதம் அவள்தான் மாத்திரை வாங்கிப்போவாள்.

"அண்ணாச்சி, நீங்கதான் கோவத்துல கம்ப்யூட்டரை ஒடச்சியளாமே?"

ஆவுடையப்பனுக்குக் கை நின்றுவிட்டது.

"யாரு சொன்னா?"

"எல்லாரும் சொல்லுதாவ. பஸ்ஸுல வரும்போதே சொன்னாவ."

"பஸ்ஸுலயா?"

"ஒடச்சா ஒடச்சிட்டுப் போறிய. கோவம் யாருக்குத்தான் வரல? எங்க வீட்டுக்காரரு கோவத்துல அடுப்பையே ஒடச்சவரு. நான் அதுக்கு வரல. போன மாசம் டாக்டரு மாத்திரையை மாத்தினாரு. பெருசைச் சிறுசாக்கினாரா, சிறுசைப் பெருசாக்கினாரான்னு எனக்குச் சொல்லத் தெரியல. இருந்த மாத்திரை நேத்தோட தீந்துபோச்சு. இன்னைக்குக் காலைல ஒண்ணும் குடுக்காமத்தான் வந்திருக்கேன்."

"நான் ஒடைக்கலை."

"சரி அண்ணாச்சி, ஒடைக்கல. சரிபண்ணிக் குடுங்க."

அவள் அதை ஒரு பிள்ளையைச் சமாதானப்படுத்துவதுபோலச் சொன்னாள். நம்பிச் சொன்னால் அப்படிச் சொல்லமாட்டாள் என்று ஆவுடையப்பனுக்குத் தெரிந்தது.

"டாக்டருக்கு ஃபோன் பண்ணலையா?"

"பண்ணினாவ. அவரு ஊருல இல்லயாம். இருந்தாலும் அவருக்கு நெனப்பிருக்குமா, இத்தன பேர்ல?"

ஆவுடையப்பன் கையைக் கழுவினார். துண்டால் துடைத்தார். முற்றத்தைத் தாண்டும்போது சாமி இருந்த பக்கம் பார்க்கவே இல்லை.

மருந்துச்சாலையில் பிரமநாயகம் இருந்தார்.

"வாரும் ஓய். கோவம் தணிஞ்சுதா?"

"தள்ளி நில்லும்."

"நிக்கேன். கையை மட்டும் பாத்துக்கிட்டு நிக்கேன்."

ஆவுடையப்பன் உட்கார்ந்தார். நாற்காலி உயரத்தைப் பிரமநாயகம் மாற்றி வைத்திருந்தார். அதையும் பொறுத்துக்கொண்டார். புரோகிராமைத் திறந்தார். அதே வரி வந்தது. லைப்ரரியைக் காணோம்.

"இந்தா, இந்த வரியைப் பாரும். நீரு அழிச்ச ஃபோல்டர் பேரு இதுல நிக்குது. அங்க போய்த் தேடுது. அங்க இல்ல."

"எனக்கு இங்கிலீஷ் ஓடாது வே."

"பேரு எம்பேரு. அதுவாவது தெரியுதா?"

"தெரியுது. உம்ம பேருதான் நிக்குது. என் பேரா நிக்குது?"

ஆவுடையப்பன் பல்லைக் கடித்தார். இணையத்தில் போய் அந்த லைப்ரரியை இறக்கினார். தன் பெயரில் மறுபடியும் ஒரு ஃபோல்டர் போட்டு அதற்குள் வைத்தார். புரோகிராமைத் திறந்தார். அது மறுபடியும் நின்றது. இந்த முறை வேறு வரி. கோப்பு இருக்கிறது, ஆனால் பதிப்பு வேறு என்றது. இப்போது கிடைப்பது புதியது. அவர் புரோகிராம் எழுதியது பழையதை வைத்து.

"என்ன ஓய், இன்னும் ஓடலியா?"

"புதுசு இதுக்குப் பொருந்தலை. பழசு வேணும்."

"நல்லா இருக்கே. புதுசு குடுத்தா வேண்டாங்குது, பழசு கேக்குது. யாரு எழுதினது இதை?"

பின்னால் வாசலில் சொர்ணத்தாயும் இன்னும் சிலரும் வந்து நின்றார்கள். பிரமநாயகம் அவர்களைப் பார்த்துக் கையை விரித்துக் காட்டினார்.

பழைய பதிப்பைத் தேடுவது லேசான வேலையாக இல்லை. அதைச் செய்தவர்களே கைவிட்டுவிட்டார்கள். பழையவற்றைப் போட்டுவைக்கும் ஓர் இணையப் பக்கத்தில் கடைசியாகக் கிடைத்தது. வைத்தார். திறந்தார். அந்த லைப்ரரி தனக்குத் துணையாக வேறொரு லைப்ரரி வேண்டும் என்று நின்றது. அதையும் தேடினார். அதையும் தன் ஃபோல்டரில்தான் வைத்திருந்தார் என்பது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. அது கிடைத்து வைத்ததும், புரோகிராம் திறந்தது.

வாசலில் நின்றவர்கள் திரையைப் பார்க்க முட்டினார்கள்.

ஆவுடையப்பன் பெயர்களைத் தட்டவில்லை. கையைக் கீபோர்டிலிருந்து எடுத்தார். திரையில் அந்த ஃபோல்டர் அவர் பெயரோடு நின்றது. நாளைக்கு இன்னொரு ஆள் இந்த அறைக்கு வருவார். பெருக்குவார். கழுவிவிடுவார். பிறகு இதன் முன்னால் உட்காருவார்.

அப்படி ஆகட்டும் என்றுதான் முதலில் தோன்றியது. தான் உடைக்கவில்லை என்று அப்போது எல்லோருக்கும் தெரியும். தான் தொழுவத்தில் இருக்கும்போதே, தன் கை படாமலே, இது மறுபடியும் நிற்கும். அன்றைக்குப் பந்தியில் எல்லோரும் பார்ப்பார்கள்.

வாசலில் சொர்ணத்தாய் சேலை முந்தானையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"பிரமநாயகம்."

"என்னவே?"

"இதைப் பொது இடத்துல வைக்கணும். அதுக்கு அட்மின் பாஸ்வேர்டு வேணும். உம்மகிட்ட இருக்கு."

"அது காரியக்காரர் கையில இருக்க வேண்டியது."

"அதனாலதான் அன்னைக்கும் எம்பேருல போட்டு வச்சேன். கேட்டேன். நீரு தரலை."

"தரக்கூடாது. இப்பவும் தரமாட்டேன்."

"நீரே அடியும்."

பிரமநாயகம் தோளிலிருந்த துண்டை எடுத்துக் கீபோர்டுக்கு மேல் கூடாரம்போலப் பிடித்துக்கொண்டு, ஒற்றை விரலால் ஒவ்வொரு எழுத்தாக அடித்தார். தப்பு என்று வந்தது. மறுபடியும் அடித்தார். வாசலில் ஒரு கிழவர், "துண்டைத் தூக்கிட்டு அடிச்சா சீக்கிரம் முடியும்லா" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். ஆவுடையப்பன் சிரிக்கவில்லை.

பாஸ்வேர்டைக் கம்ப்யூட்டர் ஏற்றுக்கொண்டது. லைப்ரரிகள் இரண்டையும் சிஸ்டத்தின் பொது இடத்துக்கு நகர்த்தினார். நகர்த்தினால் மட்டும் போதாது. அங்கே வைத்திருக்கிறோம் என்று சிஸ்டத்துக்குத் தெரியப்படுத்த வேண்டும். அதையும் செய்தார். புரோகிராமில் தன் ஃபோல்டரைத் தேடச் சொன்ன வரியை எடுத்தார். பிறகு தன் பெயரில் இருந்த ஃபோல்டரை அழித்தார்.

புரோகிராமைத் திறந்தார். திறந்தது. சொர்ணத்தாய் புருஷனின் பெயரைத் தட்டினார். பெரியதைச் சிறியதாக்கியிருந்தார் டாக்டர்.

"இப்ப எல்லாம் சரியாப் போச்சுல்லா" என்றார் பிரமநாயகம். "மொதல்லயே இப்படிப் பொதுவுல வச்சிருந்தா இந்தப் பாடு உண்டா?"

ஆவுடையப்பன் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்தார்.

"மொதல்லயே வைக்க விட்டீரா?"

"சரி விடும். முடிஞ்சுதே."

முடிந்துவிட்டது என்று சொல்லத் தனக்குத்தான் உரிமை உண்டு, அவருக்கு இல்லை என்று ஆவுடையப்பன் நினைத்தார். வெளியே வந்தார். முற்றத்தில் சாமி இன்னும் உட்கார்ந்திருந்தார். சொர்ணத்தாய் மாத்திரைக் கவரை மடியில் செருகிக்கொண்டு ஆவுடையப்பன் பின்னாலேயே வந்தாள்.

"மனசு எறங்கிச் சரிபண்ணிக் குடுத்துட்டிய அண்ணாச்சி. நல்லாருப்பிய. நான் போற எடமெல்லாம் சொல்லுவேன், அவரு கோவக்காரருதான், ஆனா கெட்டவரு இல்லன்னு."

அவள் கும்பிட்டுவிட்டுப் போனாள்.

ஆவுடையப்பன் சாமி முன்னால் போய் நின்றார்.

"கேட்டியளா சாமி?"

"கேட்டேன்."

"என்னை மன்னிச்சிட்டுப் போறா. செய்யாததுக்கு."

"ஆமா."

"நான் சொன்ன மாதிரியே ஆச்சு."

"அப்படியே ஆச்சு."

"இப்பவாவது சொல்லச் சொல்லுங்க. அவரு செஞ்சது தப்பா இல்லையா? அதை மட்டும் சொல்லுங்க."

"தப்பு."

"அப்ப எனக்கு வரவேண்டியது இருக்கு."

"இருக்கு."

"வாங்கித் தாங்க."

சாமி வெயிலில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு அவரைப் பார்த்தார்.

"அதே பந்தியிலயா?"

"அதே பந்தியில."

"அவரு வாயால?"

"அவரு வாயால."

"நாளைக்குச் சாப்பிட வாரும்."

மறுநாள் மத்தியானம் ஆவுடையப்பன் குளித்து, வெள்ளை வேட்டி கட்டி, நெற்றி நிறைய விபூதி பூசிக்கொண்டு பந்திக்குப் போனார். பழைய இடம் காலியாக இருந்தது. உட்கார்ந்தார். பக்கத்தில் பூசை பார்க்கும் உலகநாதன்.

"வந்துட்டீரா? நல்லது. கஞ்சியைக் குடிச்சே ஒடம்பு பாதியாப் போச்சே."

சோறு வந்தது. பருப்பு வந்தது. ஆவுடையப்பன் தொடவில்லை. பிரமநாயகம் ரசவாளியோடு வரிசையின் நடுவுக்கு வந்தபோது சாமி கூப்பிட்டார்.

"பிரமநாயகம்."

"சாமி."

"கம்ப்யூட்டரை ஆவுடையப்பன் ஒடைக்கலை. நீரு அறை ஒழிக்கும்போதுதான் அது போச்சு. நீரு சொன்னது தப்புன்னு பந்தியில சொல்லும்."

பந்தி அமைதியானது. பிரமநாயகம் தயங்குவார், முகம் சிவக்கும், வாளி கை மாறும் என்று அவர் எத்தனையோ முறை நினைத்துப் பார்த்திருந்தார். அந்த முகத்தைப் பார்க்கத்தான் வந்திருந்தார்.

பிரமநாயகம் ஒரு கணம்கூடத் தயங்கவில்லை.

"சொல்லுதேன் சாமி" என்றார். திரும்பினார். "எல்லாரும் கேளுங்க. ஆவுடையப்பன் ஒடைக்கலை. நான் ஒழிக்கும்போதுதான் போச்சு. நான் சொன்னது தப்பு." பிறகு குனிந்து, "ரசம் ஊத்தட்டுமா ஓய்?" என்றார்.

அவர் முகத்தில் ஒன்றும் இல்லை. அரிசி வந்துவிட்டது என்று சொல்வதுபோலச் சொன்னார். உண்மையாகவே சாமி சொன்னதைச் செய்துமுடித்த ஆளின் முகம் அது.

"ஊத்தும் ஊத்தும்" என்றார்கள் அடுத்த இலைக்காரர்கள். பேச்சு மறுபடியும் கிளம்பியது.

உலகநாதன் ஆவுடையப்பன் காதோரம் சாய்ந்தார்.

"பெரிய மனசுவே பிரமநாயகத்துக்கு. செய்யாததையும் சாமி சொன்னாருன்னு தலையில வாங்கிக்கிட்டாரு பாத்தீரா?"

ஆவுடையப்பன் சோற்றைத் தின்றார். ஒவ்வொரு கவளமும் எங்கே போகிறது என்று தெரியாமல் தின்றார். இலையை மடிக்கவில்லை. எழுந்து போகவும் இல்லை. போனால் அதற்கும் ஒரு பேச்சு வரும்.

பந்தி முடிந்து எல்லோரும் போன பிறகு அவர் கைகழுவும் குழாயடியில் நின்றார். தண்ணீர் கையில் ஓடிக்கொண்டே இருந்தது. சாமி பக்கத்துக் குழாயைத் திறந்தார்.

"சொன்னாரு" என்றார் சாமி.

"சொன்னாரு."

"நீரு கேட்டது எல்லாம் இருந்துதா?"

"எல்லாம் இருந்துது."

"பிறகு ஏன் நின்னுக்கிட்டு இருக்கீரு?"

"அது அவரு சொன்னது இல்ல சாமி. நீங்க சொன்னது. அவரு வாயில வந்துச்சு, அவ்வளவுதான்."

"ஆமா."

"அவரு இப்பவும் நான்தான் ஒடச்சேன்னு நெனக்காரு."

"நெனக்காரு."

ஆவுடையப்பன் அதுவரை கேட்காததைக் கேட்டார்.

"அன்னைக்கு அவரு சொல்லும்போது நீங்களும் பந்தியில இருந்திய. வாயத் தொறக்கலை. ஏன் சாமி?"

சாமி கையை உதறினார். துடைக்கத் துண்டு இல்லை. வேட்டியில் துடைத்தார்.

"அன்னைக்கு நானும் நம்பினேன்."

ஆவுடையப்பன் அவரை நிமிர்ந்து பார்த்தார். சாமி பார்வையைத் திருப்பவில்லை.

"நான் ஒடச்சேன்னா?"

"நீரு ஒடச்சீருன்னு. கோவக்காரரு, செஞ்சிருப்பாருன்னு தோணுச்சு."

"எப்ப மாறுச்சு?"

"நீரு தொழுவத்துல வச்சு, செய்யமாட்டேன்னு சொன்னப்ப. ஒடச்சவனா இருந்தா, மொதல் நாளே வந்து ஒட்டவச்சு நல்ல பேரு வாங்கியிருப்பான்."

"என்கிட்ட ஏன் சொல்லலை?"

"நீரு என்கிட்ட கேக்கலை. அவருகிட்டத்தான் கேட்டீரு."

குழாயில் தண்ணீர் போய்க்கொண்டிருந்தது. உள்ளே யாரோ இலைகளைச் சுருட்டி எடுக்கும் சத்தம் வந்தது. ஆவுடையப்பனுக்குக் கண்ணில் நீர் கட்டியது. கோபத்தில்தான் கட்டியது.

"நீங்க நம்புறது எனக்குப் போதாது சாமி."

"தெரியும்."

"அவரு நம்பணும். நம்பிச் சொல்லணும். வேற ஒண்ணும் எனக்கு வேண்டாம். நம்பாமச் சொன்னதை வச்சுக்கிட்டு நான் என்ன செய்ய?"

சாமி கை நீட்டி ஆவுடையப்பன் பக்கத்துக் குழாயை மூடினார்.

"இன்னொரு தடவை சொல்லச் சொல்லட்டுமா?"

ஆவுடையப்பன் ஈரக் கையோடு நின்றார்.